225 மீட்டரில் பேசிய மலை

இரவு பத்து மணிக்கு மேல், பழைய வானொலிப் பெட்டி ஒன்றை ஏ.எம். எனப்படும் மத்திய அலைப் பக்கம் திருப்பி முள்ளை மெல்ல நகர்த்திப் பாருங்கள். சிங்கப்பூர் அடுக்குமாடி வீட்டின் சன்னலோரமே போதும். இந்தோனீசியக் குரல் ஒன்று இரைச்சலுக்குள்ளிருந்து எழும். சற்றுத் தள்ளித் தாய்லாந்துப் பாட்டு. இன்னும் தள்ளிப் போனால், வானம் தெளிவாக இருக்கும் இரவில், எந்த ஊர் என்று பிடிபடாத பேச்சுகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி வரும். அக்கம்பக்கத்து நாடுகள் பல இருக்கின்றன. பெட்டி இருக்கும் ஊர் மட்டும் இல்லை. 1990களுக்குப் பிறகு சிங்கப்பூருக்கென்று மத்திய அலையில் ஒரு நிலையமும் கிடையாது.

இதை நான் சும்மா கடந்துபோக முடியாமல் இருப்பதற்குக் குடும்பக் காரணம் உண்டு. என் அம்மா ஜோகூரில் குளுவாங்கை ஒட்டிய பால்மரத் தோட்டம் ஒன்றில் பிறந்து, சிங்கப்பூருக்கு மருமகளாக வந்தவர். அவருடைய தம்பி தோட்டத்திலேயே இருந்தார். தம்பியின் கடிதங்கள் நலம் விசாரித்த கையோடு, "அக்கா, ஞாயிற்றுக்கிழமை நாடகம் கேட்டாயா?" என்றுதான் தொடங்கும். இருவருக்கும் இடையே ஏறத்தாழ 90 கிலோமீட்டர், ஒரு நீரிணை, பிற்காலத்தில் ஒரு குடிநுழைவுச் சாவடி. ஆனால் இருவரும் கேட்டது ஒரே நாடகம், ஒரே நேரத்தில், ஒரே மலையிலிருந்து, சிங்கப்பூரின் கால்டிகாட் மலையிலிருந்து வந்தது. அந்த மலையின் கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் நிலையங்களின் பெயர் மாறிய வரலாற்றைத்தான் சொல்கிறார்கள். நிலையம் இன்றும் ஏதோ ஒரு பெயரில் இருந்துகொண்டுதான் இருக்கிறது. மறைந்தது அலை. அலையோடு சேர்ந்து, அதைக் கேட்ட வட்டாரமும் மறைந்தது.

சிங்கப்பூரில் வானொலி அரசாங்கத்தால் வந்ததன்று. 1920களில் ஆர்வலர்கள் சங்கம் அமைத்துத் தங்கள் செலவில் ஒலிபரப்பிப் பார்த்தார்கள். 1930களில் ஒரு தனியார் கம்பெனி இசட்.எச்.ஐ. என்ற அழைப்புக் குறியோடு சிற்றலையில் ஒலிபரப்பியது. பினாங்கிலும் கோலாலம்பூரிலும் இப்படியே ஆர்வலர் நிலையங்கள் இருந்தன. முறையான நிலையம் என்று சொல்லத்தக்கது பிரிட்டிஷ் மலாயா ஒலிபரப்புக் கழகம்தான். அதற்கான உரிமம் 1935இல் கிடைத்தது. கோ. சாரங்கபாணி 'தமிழ் முரசு' இதழைத் தொடங்கியதும் அதே ஆண்டில்தான். அச்சில் ஒரு தமிழ்க் குரல் பிறந்த வேளையில், காற்றில் ஒரு குரலுக்கு இடம் தேடிக்கொண்டிருந்தார்கள்.

அவர்கள் கண்டுபிடித்த இடம் தாம்சன் சாலைப் பக்கம் இருந்த ஒரு மேடு. சர் ஆண்ட்ரூ கால்டிகாட் என்ற காலனித்துவ அதிகாரியின் பெயரைத் தாங்கி, கால்டிகாட் மலை ஆனது. பிற்பாடு இலங்கை ஆளுநராகப் போனவர் அவர். மலை என்று சொன்னாலும் சிங்கப்பூர் அளவுக்குத்தான் மலை. ஆனால் அன்றைக்கு ஊருக்கு வெளியே, மரங்களுக்கு நடுவே, கோபுரம் நடத் தோதான இடம். 1937 மார்ச் 1ஆம் தேதி ஆளுநர் ஷென்டன் தாமஸ் திறந்துவைக்க, இசட்.எச்.எல். என்ற குறியோடு நிலையம் பேசத் தொடங்கியது. அலைநீளம் 225 மீட்டர்.

அந்த எண்ணில் கொஞ்சம் நிற்க வேண்டும். மற்றதெல்லாம் அதிலிருந்துதான் புரியும். வானொலி அலை நொடிக்கு ஏறத்தாழ 3 லட்சம் கிலோமீட்டர் வேகத்தில் போகிறது. அதை 225 மீட்டரால் வகுத்தால் நொடிக்கு 13 லட்சத்து 33 ஆயிரம் துடிப்புகள், அதாவது 1,333 கிலோஹெர்ட்ஸ். இது மத்திய அலைக்குள் வருகிறது. அதைவிடக் குறுகிய, பத்து மீட்டர் முதல் நூறு மீட்டர் வரையிலான அலைகளே சிற்றலை. சிற்றலை வானத்தின் மேலடுக்கில் பட்டுத் திரும்பிக் கண்டம் தாண்டிப் போகும். இலண்டனைச் சிங்கப்பூரில் கேட்டது அதனால்தான். மத்திய அலை பகலில் தரையைத் தொட்டுக்கொண்டு படர்ந்து போகும். போகப் போகத் தரை அதை உறிஞ்சிக்கொள்ளும். ஈரமான வயல் என்றால் கொஞ்சம் தூரம் கூடப் போகும், பாறை நிலம் என்றால் சீக்கிரம் களைத்துவிடும், உப்பு நீர் என்றால் நன்றாகவே ஓடும். கடல்நீர் மின்சாரத்தைக் கடத்துவதால் அலைக்கு அது நல்ல பாதை. தீவில் நட்ட மத்திய அலைக் கோபுரத்துக்கு நாலு பக்கமும் அந்தப் பாதை இயற்கையாகவே அமைந்துவிடுகிறது.

ஆகவே 225 மீட்டர் அலை சிங்கப்பூர் ஊராருக்கென்று எடுத்த முடிவு. அதன் பலனும் குறையும் உடனே தெரிந்தன. சிங்கப்பூரில் தெளிவாகக் கேட்டது, வடக்கே கோலாலம்பூர், பினாங்குப் பக்கம் சரியாகக் கேட்கவில்லை. 'பிரிட்டிஷ் மலாயா' என்று பெயர் வைத்துக்கொண்ட நிலையம் மலாயாவின் பெரும்பகுதிக்குப் போய்ச் சேரவில்லை. அடுத்த ஆண்டே இசட்.எச்.பி. என்ற குறியில் சிற்றலை ஒலிபரப்பையும் சேர்த்தார்கள். அன்று வானொலிப் பெட்டி வைத்திருக்க உரிமம் எடுக்க வேண்டும். பெட்டியோ வால்வு போட்ட, மின்சாரம் தின்னும் மேசை வானொலி. தொழிலாளர் வரிசை வீடுகளான தோட்ட லயன்களில் அதைப் பார்த்திருக்கவே முடியாது. கடை முதலாளி, குமாஸ்தா, கங்காணி வீடு, சங்கக் கட்டடம், இவ்வளவுதான் தமிழர்களில் அதன் காதுகள்.

அந்தக் கம்பெனியின் வாழ்வு மூன்றே ஆண்டு. ஐரோப்பாவில் போர் மூண்ட பிறகு, இவ்வளவு முக்கியமான கருவியைப் பங்குதாரர்களிடம் விட்டுவைக்க அரசாங்கத்துக்கு மனமில்லை. 1940இல் வாங்கி, மலாயா ஒலிபரப்புக் கழகம் என்று பெயர் மாற்றினார்கள். ஒலிப்பதிவுக் கூடங்கள் கேத்தே கட்டடத்துக்குப் போயின. ஊர் வானொலியாகத் தொடங்கியது போர்ப் பிரசாரக் குழாயாகப் பெருத்தது. ஆசிய மொழிகள் பல அதில் இடம்பெற்றன. கசப்பான ஒன்றை இங்கே சொல்ல வேண்டும். இந்நாட்டு மக்களின் மொழிகளுக்கு வானொலியில் பெரிய இடம் கிடைத்தது அவர்களின் பொழுதுபோக்கை முன்னிட்டு அன்று. அவர்களின் விசுவாசம் அரசுக்குத் தேவைப்பட்டதால்தான்.

1942 பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் வீழ்ந்தது. மறு மாதமே அதே கேத்தே கட்டடத்திலிருந்து சியோனான் (சிங்கப்பூருக்கு ஜப்பானியர் இட்ட பெயர்) வானொலி நிலையம் ஜப்பானியர் கையில் பேசியது. தோக்கியோ நேரத்தோடு ஒத்துப்போகக் கடிகாரம் ஒன்றரை மணி நேரம் முன்னே தள்ளப்பட்டது. வீடுகளில் இருந்த பெட்டிகளைப் பதிவு செய்யச் சொல்லி, சிற்றலையைப் பிடிக்கும் பகுதியைச் செயலிழக்கச் செய்தார்கள். மத்திய அலை மட்டும் மிஞ்சியது. தொலைவிலிருந்து வருவதைக் கேட்கக் கூடாது, பக்கத்திலிருந்து ஆள்பவன் சொல்வதை மட்டும் கேள் என்பதே அதன் பொருள். சிற்றலையைக் கேட்டதாகச் சந்தேகம் விழுந்தாலே உயிருக்கு ஆபத்து. 1943 அக்டோபர் 10இல் சாங்கி சிறைக்குள் ஜப்பானிய இராணுவக் காவல்படையான கென்பெய்தாய் நுழைந்து நடத்திய சோதனையும் அதைத் தொடர்ந்த சித்திரவதைகளும் இதற்குச் சாட்சி. மத்திய அலையை நான் ஊர்களை இணைத்த அலை என்று கொண்டாடப்போகிறேன். கட்டுப்போடுவதற்கு அது எவ்வளவு வசதியான அலை என்பதையும் மறைக்க மாட்டேன்.

அதே அக்டோபரில், 21ஆம் தேதி, அதே கேத்தே அரங்கில் சுபாஷ் சந்திர போஸ் சுதந்திர இந்தியத் தற்காலிக அரசை அறிவித்தார். ஜெர்மனியில் தொடங்கிய ஆசாத் ஹிந்த் வானொலி சிங்கப்பூருக்கும் பிறகு ரங்கூனுக்கும் வந்தது. அதன் மொழிகளில் தமிழும் ஒன்று. இந்தியத் தேசிய இராணுவத்தில் சேர்ந்த மலாயாத் தமிழர்களில் மிகப் பலர் தோட்டத் தொழிலாளர்கள். ஜான்சி ராணிப் படையில் பால்மரம் சீவிய பெண்கள் இருந்தார்கள். எழுத்துப் படிக்காதவர்களிடமும் ஒரு குரல் போய்ச் சேரும் என்பதை இந்த வட்டாரத் தமிழர்கள் அப்போதுதான் தங்கள் வாழ்வில் கண்டார்கள்.

போர் முடிந்து 1946 ஏப்ரல் 1ஆம் தேதி மலாயா வானொலி பிறந்தது. ஆங்கிலம், மலாய், சீனம், தமிழ் என்று நான்கு மொழிப் பிரிவுகள். சிங்கப்பூரிலும் கோலாலம்பூரிலும் கூடங்கள். சிங்கப்பூரின் கூடங்கள் சில ஆண்டுகளில் கேத்தேயை விட்டுக் கால்டிகாட் மலைக்கே திரும்பின. 1948இல் மலாயாவில் அவசரகாலம் தொடங்கியதும் அரசாங்கம் தோட்டங்களுக்கும் புதுக்கிராமங்களுக்கும் பொது வானொலிப் பெட்டிகளைக் கொடுத்தது. நோக்கம் கம்யூனிஸ்டு எதிர்ப்புப் பிரசாரம். ஆனால் பெட்டி ஒன்று லயனுக்கு வந்துவிட்டால் யார் கொடுத்தார்கள் என்பதைக் கேட்பவர்கள் நினைவில் வைத்திருப்பதில்லை. பாட்டு எத்தனை மணிக்கு என்பதைத்தான் நினைவில் வைக்கிறார்கள். 1950களின் பிற்பாதியில் டிரான்சிஸ்டர் வந்தது. வால்வுப் பெட்டிக்கு மின்சாரம் வேண்டும். தோட்டத்தில் மின்சாரம் பெரும்பாலும் துரை பங்களாவோடு நின்றுவிடும். டிரான்சிஸ்டருக்குச் சில பேட்டரிகள் போதும். கம்பத்து (கிராமத்து) வீட்டிலும் லயன் திண்ணையிலும் மாட்டுக் கொட்டகையிலும் அது ஆணியில் தொங்கியது.

என் அம்மாவின் தோட்டத்தில் இரண்டு பெட்டிகள் இருந்தனவாம். ஒன்று கடைக்காரருடையது, ஒன்று தாத்தாவுடையது. பகலில் சிங்கப்பூர் மெலிதாகக் கேட்கும். பொழுது சாய்ந்ததும், யாரோ பக்கத்தில் வந்து உட்கார்ந்ததுபோலக் குரல் தடித்துவிடும். "சூரியன் இறங்கினால்தான் சிங்கப்பூர் ஏறும்" என்று தாத்தா சொல்வாராம். அவர் இயற்பியல் படித்தவர் அல்லர். சொன்னது மட்டும் சரி.

பகலில் சூரியக் கதிர்கள் நம் தலைக்கு மேலே 60 முதல் 90 கிலோமீட்டர் உயரத்தில் மின்னூட்டம் பெற்ற ஓர் அடுக்கை உண்டாக்குகின்றன. மேல்நோக்கிப் போகும் மத்திய அலையை அந்த அடுக்கு விழுங்கிவிடுகிறது. தரையோடு ஊர்ந்து போகும் பகுதி மட்டுமே மிஞ்சும். சூரியன் மறைந்ததும் அந்த அடுக்கு விரைவில் கலைந்துவிடும். அதற்கும் மேலே, நூறு கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் அடுக்குகள் இரவிலும் நிற்கின்றன. விழுங்குவதற்கு ஒன்றும் இல்லாததால் அலை அவ்வளவு உயரம் போய், கண்ணாடியில் பட்டதுபோல் திரும்பி, நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தள்ளித் தரையில் விழுகிறது. நாம் இருப்பது பூமத்திய ரேகையை ஒட்டி. ஆண்டு முழுவதும் அந்தி ஏறத்தாழ ஒரே நேரத்தில் விழுகிறது. குளிர்நாட்டில் இந்த இரவுப் பாய்ச்சல் பருவத்துக்கேற்பச் சில மணி நேரம் முன்பின் ஆகும். இங்கே, மாலைச் செய்திக்குக் கூடும் நேரமும் அலை நீளும் நேரமும் ஆண்டின் எல்லா நாளும் ஒத்துப்போயின.

இந்த நீட்சிக்கு ஒரு விலையும் இருந்தது. நம் அலை அவர்கள் ஊருக்குப் போகும்போது அவர்கள் அலையும் இங்கே வரும். நாடகத்தின் உச்சத்தில் வேறொரு மொழியில் யாரோ சிரிப்பார். குரல் சில நொடி தேய்ந்து மறுபடி பெருகும். 1978 நவம்பர் 23இல் ஐரோப்பா, ஆப்பிரிக்கா, ஆசியா நாடுகளின் மத்திய அலை நிலையங்கள் ஒரே நாளில் 9 கிலோஹெர்ட்ஸ் இடைவெளிக்கு மாற்றி அமைக்கப்பட்டது இந்த நெரிசலைச் சீராக்கத்தான். அந்த நெருக்கமான இடைவெளியில் கூர்மையான ஒலிகளுக்கு இடமில்லை. நாகஸ்வரத்தின் மேல்நாதமும் தாளத்தின் கணீர் ஒலியும் மழுங்கிப் போகும். பேச்சுக்கு அவ்வளவு கேடில்லை. மனிதக் குரலை விளங்கிக்கொள்ள 300 முதல் 3,400 ஹெர்ட்ஸ் வரை இருந்தால் போதும். தொலைபேசி அதை வைத்துத்தான் ஓடியது. மத்திய அலை வானொலி உலகெங்கும் செய்திக்கும் நாடகத்துக்கும் பேர்போனதில் இந்தக் குறுகலுக்கும் பங்குண்டு என்பது என் எண்ணம்.

தமிழில் அப்படி வந்த நாடகங்களில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். வானொலியில் பணியாற்றிய எழுத்தாளர் பி. கிருஷ்ணன், புதுமைதாசன் என்ற பெயரிலும் எழுதியவர், 1960களின் இறுதியில் 'அடுக்குவீட்டு அண்ணாசாமி' என்ற தொடர் நாடகத்தை எழுதினார். கம்பத்திலிருந்து வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் (வீவக) அடுக்குமாடிக்குக் குடிபெயர்ந்துகொண்டிருந்த சிங்கப்பூர்த் தமிழர்கள், தங்கள் புது வாழ்வைத் தங்கள் பேச்சிலேயே கேட்டார்கள். 2008இல் அவர் கலாசாரப் பதக்கம் பெற்றார். நான் நினைத்துப் பார்ப்பது அந்த நாடகத்தின் மறுகரைக் காதுகளை. லயனில் வாழ்ந்த என் மாமாவுக்கு அடுக்குமாடி என்ன தெரியும்? அக்காள் போய்ச் சேர்ந்த ஊர் எப்படிப்பட்டது, அங்கே அண்டை வீட்டாரோடு எப்படிப் பேசிக்கொள்கிறார்கள் என்பதையெல்லாம் அவர் கடிதங்களைவிட வானொலியில்தான் தெரிந்துகொண்டார்.

அதற்குள் நாடு இரண்டாகிவிட்டிருந்தது. 1959 ஜனவரியில் மலாயா வானொலி கோலாலம்பூருக்குப் போனது. 4ஆம் தேதி முதல் மலையில் சிங்கப்பூர் வானொலி என்ற பெயர். 1961 செப்டம்பர், அக்டோபரில் மலாயாவுடனான இணைப்பைப் பற்றி லீ குவான் இயூ 12 வானொலி உரைகளை ஆங்கிலம், மலாய், மாண்டரின் மொழிகளில் ஆற்றினார். தமிழாக்கத்தை அறிவிப்பாளர் படித்தார். 1963இல் மலேசியா உருவானது. 1965 ஆகஸ்ட் 9 காலை பத்து மணிக்குப் பிரிவினைச் செய்தி வானொலியில் வந்தது. 1967 முதல் ஜோகூர் பாலத்தில் கடப்பிதழ்ச் சோதனை. இத்தனைக்கும் நடுவே மலையிலிருந்து கிளம்பிய அலை ஜோகூர் நீரிணையை முன்புபோலவே தாண்டிப் போய்க்கொண்டிருந்தது. நேரமும் ஒன்றாகவே இருந்தது. 1982 புத்தாண்டில் தீபகற்ப மலேசியா சபா, சரவாக்கோடு ஒத்துப்போக அரை மணி நேரம் முன்னே நகர்ந்தபோது சிங்கப்பூரும் கூடவே நகர்ந்தது. "ஏழு மணி நாடகம்" என்றால் இரு கரையிலும் அதே ஏழு மணி.

பிறகு ஏன் மத்திய அலையைக் கைவிட்டார்கள்? யாரையும் குற்றம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை, காரணங்கள் வலுவானவை. முதலில் இடி. சிங்கப்பூரில் ஆண்டுக்குச் சராசரியாக 170 நாள்கள் வரை இடி இடிக்கிறது. மின்னல் ஒவ்வொன்றும் ஒரு பெரிய வானொலிப் பரப்பிதான், மத்திய அலை முழுவதையும் நிறைத்துக் கரகரக்கும். ஏ.எம். முறையில் செய்தி அலையின் உயர ஏற்றத்தாழ்வில் எழுதப்படுகிறது. மின்னலும் அதே உயரத்தைத்தான் குலைக்கிறது. பெட்டிக்கு இரண்டையும் பிரித்தறிய வழியில்லை. பண்பலையில் செய்தி அலைவெண்ணின் மாற்றத்தில் எழுதப்படுவதால் அலையின் உயரத்தில் நடக்கும் குழப்பத்தைப் பெட்டி வெட்டி எறிந்துவிடலாம். மாலை மழைக்கு நடுவே கரகரப்பில்லாத பாட்டு என்பது இந்த ஊரில் சின்ன விஷயமே அன்று. 1949இல் வந்த ரெடிஃபியூஷன் கம்பிவழி வானொலி காப்பிக்கடைகளில் வேரூன்றியதற்கு அதுவும் ஒரு காரணமாக இருந்திருக்கும்: மாதம் ஐந்து வெள்ளி (டாலர்) கொடுத்தால் கம்பியில் ஒலி வரும், இடி இடித்தாலும் இரையாது. அந்த நிலையமும் 2012 ஏப்ரலில் நின்றது.

இரண்டாவது கான்கிரீட். கம்பத்துப் பலகை வீட்டுக்குள் மத்திய அலை தாராளமாக நுழைந்தது. இரும்புக்கம்பி வலை பின்னிய அடுக்குமாடிச் சுவர், அந்த நீண்ட அலைக்குக் கூண்டு மாதிரி. உள்ளே குழல் விளக்கு, தொலைக்காட்சி, பிற்பாடு கணினி என்று ஆளுக்கொரு இரைச்சல். அண்ணாசாமி அடுக்குவீட்டுக்குக் குடிபோனபோது, அவர் குரலைச் சுமந்த அலைக்கு அந்த வீடே தடையாயிற்று.

மூன்றாவதுதான் என் கணிப்பில் தீர்மானமானது: நிலம். மத்திய அலைக் கோபுரம் தன் அலைநீளத்தில் கால் பங்கு உயரமாக இருப்பது நல்லது. 225 மீட்டருக்கு 56 மீட்டர். 600 கிலோஹெர்ட்ஸை ஒட்டிய அலை என்றால் 125 மீட்டர். கோபுரம் மட்டும் போதாது. அதன் அடியிலிருந்து நாலாபுறமும், நல்ல முறையில் செய்தால் 120 செம்புக் கம்பிகளை, கோபுர உயரத்துக்குச் சமமான நீளத்துக்காவது மண்ணுக்குள் புதைக்க வேண்டும். 125 மீட்டர் ஆரத்துக்கு வட்டம் போட்டால் ஏறத்தாழ 5 ஹெக்டேர், ஏழு கால்பந்துத் திடல்கள். அதன்மேல் வீடு கட்ட முடியாது, மரம் அடர விட முடியாது. நான்கு மொழிக்கும் இப்படிப் பார்த்துக்கொள்ளுங்கள். பண்பலைக்கோ 96.8 மெகாஹெர்ட்ஸில் அலைநீளம் மூன்று மீட்டர் சொச்சம். ஏரியலின் கம்பி ஆள் உயரத்தைத் தாண்டாது. புக்கிட் பாத்தோக் குன்றின் ஒரே கோபுரத்தில் தீவின் நிலையங்கள் அனைத்தையும் அடுக்கிவிடலாம். கடலை நிரப்பி நிலம் சம்பாதிக்கும் ஊர் எதைத் தேர்ந்தெடுக்கும் என்பதில் ஐயம் இருக்க முடியுமா?

1960களின் இறுதியில் பண்பலை அறிமுகமானது. ஏறத்தாழ 25 ஆண்டுகள் இரண்டும் கூடவே நடந்தன. 1980இல் வானொலியும் தொலைக்காட்சியும் சிங்கப்பூர் ஒலிபரப்புக் கழகம் ஆயின. 1990களில் மத்திய அலை நின்றது. தமிழ் நிலையம் ஒலி 96.8 என்ற பெயரில் பண்பலையில் நிலைத்தது. பாட்டு துல்லியமாயிற்று. இருபத்துநான்கு மணி நேரமும் தமிழ் கிடைத்தது. சிங்கப்பூருக்குள் வாழும் தமிழருக்கு இது இலாபமே தவிர வேறில்லை, நானும் அந்த இலாபத்தை அனுபவித்துக்கொண்டிருப்பவன்தான்.

ஆனால் பண்பலை பார்வைக்கோட்டில் போகும் அலை. கோபுரத்தின் உச்சியிலிருந்து அடிவானம் எவ்வளவு தூரமோ, அதைக் கொஞ்சம் மட்டும் தாண்டும். ஜோகூர் பாருவில் ஒலி 96.8 நன்றாகக் கேட்கிறது, இந்தோனீசியத் தீவான பாத்தாமிலும் கேட்கலாம். குளுவாங்கில் கேட்காது, இன்னும் வடக்கே சிகாமட்டில் பேச்சே இல்லை. வானத்து அடுக்குகளில் பட்டு இரவில் திரும்பும் வழக்கம் இந்த அலைக்குக் கிடையாது. நாட்டின் எல்லையை 1965இல் வரைந்தார்கள். தமிழ் வானொலியின் எல்லை அந்தக் கோட்டுக்கு அருகே வந்து நின்றது மத்திய அலை போன பிறகுதான். இதை யாரும் திட்டமிட்டுச் செய்யவில்லை. இடிக்கும் நிலத்துக்கும் கணக்குப் பார்த்ததில் விளைந்தது.

இணையத்தில் எங்கிருந்தும் கேட்கலாமே என்பார்கள். உண்மை. சென்னையிலும் டொராண்டோவிலும் ஒலி 96.8ஐக் கேட்கலாம். இருந்தும் ஒரு வேறுபாட்டை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன். இணையத்தில் கேட்பவர், அப்படி ஒன்று இருக்கிறது என்று முன்பே அறிந்து, தேடிப் போய்க் கேட்கிறார். மத்திய அலை, தேடாதவரின் முள்ளிலும் சிக்கியது. கடையில் எவரோ திருகியபோது நடுவில் தமிழ் வந்தால் கை நின்றுவிடும். என் தாத்தா சிங்கப்பூரைத் தேடி வைத்தவரல்லர். வழியில் கிடைத்தது, விடவில்லை. பிறகு மகளை அந்த ஊரில் கொடுக்கலாமா என்ற பேச்சு வந்தபோது, "தினமும் கேட்கிற ஊர்தானே" என்றாராம். அம்மா இதை எத்தனையோ தடவை சொல்லிவிட்டார்.

கால்டிகாட் மலையில் இப்போது ஒலிபரப்பில்லை. 2010களில் எல்லாம் ஒன் நார்த் பக்கத்து மீடியாபோலிஸ் வளாகத்துக்கு இடம்பெயர்ந்தன. மலையின் பெயர் எம்ஆர்டி ரயில் நிலையத்தில் இருக்கிறது. வட்டப் பாதையில் இறங்கி, தாம்சன் ஈஸ்ட் கோஸ்ட் பாதைக்கு மாறுகிறவர்கள் அந்தப் பெயரை நாளும் அறிவிப்பில் கேட்கிறார்கள். அதே மண்ணிலிருந்துதான் ஒரு காலத்தில் தமிழ் கிளம்பிக் கடல் கடந்தது என்பதைச் சொல்லும் பலகை எதையும் அந்த மேடைகளில் நான் பார்த்ததில்லை. ஒரு சிறு பலகை வைக்கலாம். 225 மீட்டர் என்று மட்டும் எழுதினாலும் போதும். எழுதியிருப்பது என்னவென்று கேட்கும் பிள்ளைக்குச் சொல்ல என்னிடம் நிறைய இருக்கிறது.

மாமா இன்னும் குளுவாங்கில்தான் இருக்கிறார். பண்டிகைக்கு முன்பு அம்மாவைக் காரில் அழைத்துக்கொண்டு போவோம். உட்லண்ட்ஸ் சாவடியில் வரிசையில் நிற்கும்போது ஒலி 96.8 ஓடிக்கொண்டிருக்கும். ஜோகூர் பாருவிலும் பிசிறில்லை. செனாய் தாண்டியதும் பாட்டுக்கு அடியில் மெல்ல ஒரு சரசரப்பு சேரும். கூலாய்க்கு அப்பால் அது பாட்டை மூடத் தொடங்கும். நான் அணைக்கக் கை நீட்டுவேன். "இரு, இன்னும் கேட்கிறது" என்பார் அம்மா.